இரு கட்சிகளும் ஒரு சபையும்

1964ஆம் ஆண்டு ஜூன் மாதம் 10ஆம் நாள். அமெரிக்க ஐக்கிய நாடுகளின் செனட் சபை நிரம்பி வழிந்தது. மார்ச் மாத இறுதியிலிருந்து அச்சபையில் ஒரே ஒரு மசோதாவைப் பற்றிய பேச்சே நடந்து வந்தது. கறுப்பின மக்களுக்கு உணவகங்களிலும் விடுதிகளிலும் வேலைவாய்ப்பிலும் சம உரிமை வழங்கும் குடியுரிமை மசோதா அது. அதை விரும்பாத தென்மாநில உறுப்பினர்கள் முறைவைத்துக்கொண்டு பேசினார்கள். வாக்கெடுப்பே நடவாதபடி நாட்களைப் பேசியே கழிப்பது அவர்களுடைய உத்தி. அன்று காலை வரை மேற்கு வர்ஜீனியாவின் ராபர்ட் பேர்ட் பதினான்கு மணி நேரத்திற்கும் மேலாக நின்று பேசி முடித்திருந்தார். இனிப் பேச்சை நிறுத்தி மசோதாவை வாக்கிற்கு விடலாமா என்பதே சபையின் முன்னிருந்த கேள்வி.

பெயர்கள் அகர வரிசையில் அழைக்கப்பட்டன. கலிபோர்னியாவின் கிளேர் எங்கிள் என்னும் உறுப்பினரின் பெயர் வந்தபோது சபை அமைதியாயிற்று. மூளையில் கட்டி வளர்ந்து, அறுவை மருத்துவம் செய்துகொண்டு, பேசும் ஆற்றலையே இழந்திருந்த அவரைச் சக்கர நாற்காலியில் வைத்து அழைத்து வந்திருந்தனர். வாய் திறக்க இயலாத நிலையில் அவர் மெல்லக் கையை உயர்த்தித் தம் கண்ணைச் சுட்டிக் காட்டினார். ஆங்கிலத்தில் கண்ணைக் குறிக்கும் சொல்லும், சபையில் ஆதரவைத் தெரிவிக்கும் சொல்லும் ஒலியால் ஒன்றே. எழுத்தர் அதை ஆதரவு வாக்காகப் பதிந்துகொண்டார். அடுத்த மாத இறுதியில் எங்கிள் காலமானார்.

தீர்மானம் 71க்கு 29 என்ற கணக்கில் வென்றது. வேண்டியிருந்தவை 67 வாக்குகள். குடியுரிமை மசோதா ஒன்றின் மீது இவ்வாறு பேச்சை முடித்துவைக்க அச்சபையால் இயன்றது அதுவே முதல் முறையாகும். நாம் இங்கு ஊன்றி நோக்க வேண்டியது அந்த 71இன் உட்கூறு. ஆளும் கட்சியான ஜனநாயகக் கட்சியினர் 44 பேர். எதிர்க்கட்சியான குடியரசுக் கட்சியினர் 27 பேர். சபையில் 67 இடங்களை வைத்திருந்த ஆளும் கட்சியிலேயே 23 பேர் எதிர்த்து வாக்களித்தனர். எதிர்க்கட்சியில் எதிர்த்தவர்களோ ஆறே பேர். எதிர்க்கட்சியின் துணையின்றி அந்தச் சட்டம் பிறந்திராது.

இன்று அதே சபையில் இப்படிப்பட்ட காட்சி ஒன்றைக் காண்பது அரிதாகிவிட்டது. இரு கட்சியினரும் ஒருவரை ஒருவர் எதிர்க்கட்சியினராகக் கருதிய காலம் போய், எதிரிக் கட்சியினராகக் கருதும் காலம் வந்திருக்கிறது. ஓர் எழுத்தின் வேறுபாடுதான். ஆனால் ஒரு நாட்டின் அரசியல் வாழ்வே அந்த எழுத்தில் அடங்கியிருக்கிறது. இம்மாற்றம் எவ்வாறு நேர்ந்தது, அதில் இழந்தது எது, இழந்துவிட்டோமே என்று வருந்தப்படுவதெல்லாம் உண்மையில் வருந்தத்தக்கதுதானா என்பவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

அமைப்பே உடன்பாட்டின் மேல் எழுந்தது

அமெரிக்க நாட்டின் சட்டமன்றத்திற்குக் காங்கிரஸ் என்று பெயர். நம் நாட்டுக் கட்சியின் பெயரோடு இதைக் குழப்பிக்கொள்ளலாகாது. அது பிரதிநிதிகள் சபை, செனட் சபை என்னும் இரு அவைகளைக் கொண்டது. 1787இல் பிலடெல்பியா நகரில் அரசியலமைப்பை வகுத்தவர்களிடையே பெரிய மாநிலத்தார், சிறிய மாநிலத்தார் என்ற பிணக்கு எழுந்தது. மக்கள் தொகைக்கேற்ப ஓர் அவை, மாநிலத்திற்கு இருவர் என்ற கணக்கில் மற்றோர் அவை என்று சமரசம் செய்துகொண்டே அவர்கள் அதைத் தீர்த்தார்கள். ஒரு மசோதா சட்டமாக வேண்டுமானால் இரு அவைகளும் ஏற்க வேண்டும். குடியரசுத் தலைவரும் கையொப்பமிட வேண்டும். அவர் மறுத்தால் இரு அவைகளிலும் மூன்றில் இரு பங்கினர் கூடினாலன்றி அந்த மறுப்பை மீற முடியாது. பிரிட்டனைப் போலவோ இந்தியாவைப் போலவோ கீழவையில் பெரும்பான்மை பெற்றவரே அரசாங்கத்தையும் நடத்துகிறார் என்ற ஏற்பாடு அங்கே இல்லை. ஆகவே குடியரசுத் தலைவர் ஒரு கட்சியினராகவும் காங்கிரஸ் மற்றொரு கட்சியின் கையிலும் இருப்பது அங்கே வழக்கமான நிகழ்ச்சி. உடன்பாடு இல்லையேல் அந்த இயந்திரம் நகராது.

இந்த அமைப்பை வகுத்தவர்கள் கட்சிகளை எதிர்பார்க்கவும் இல்லை; விரும்பவும் இல்லை. 1796இல் பதவியை விட்டு விலகுமுன் மக்களுக்கு விடுத்த செய்தியில் ஜார்ஜ் வாஷிங்டன், கட்சி உணர்ச்சியின் கேடுகளை வலியுறுத்தி எச்சரித்தார். ஆயினும் அவர் கண்ணெதிரிலேயே கட்சிகள் தோன்றிவிட்டன.

பழங்காலம் முழுவதும் பொற்காலமாக இருந்தது என்று எண்ணுவதும் பிழை. 1856 மே 22ஆம் நாள், அடிமை முறையைக் கண்டித்துப் பேசிய மாசசூசெட்ஸ் செனட்டர் சார்லஸ் சம்னரை, தென்கரோலினாவின் பிரதிநிதி பிரஸ்டன் புரூக்ஸ், செனட் மண்டபத்திலேயே கைத்தடியால் அடித்து இரத்தத்தில் வீழ்த்தினார். சம்னர் முழுமையாகப் பணிக்குத் திரும்ப ஏறக்குறைய மூன்றாண்டுகள் ஆயின. அடித்தவரையோ அவருடைய தொகுதி மக்கள் மீண்டும் தேர்ந்தெடுத்து அனுப்பினார்கள். ஐந்தாண்டுகளுக்குள் உள்நாட்டுப் போர் மூண்டது.

ஒத்துழைப்பின் காலம்

இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியே இரு கட்சி ஒத்துழைப்பின் காலமாக இன்று நினைக்கப்படுகிறது. அதற்குச் சான்றுகள் உண்டு.

மிச்சிகன் மாநிலத்தைச் சேர்ந்த ஆர்தர் வாண்டன்பர்க் பத்திரிகை ஆசிரியராக இருந்து செனட்டிற்கு வந்தவர், குடியரசுக் கட்சியினர். அமெரிக்கா அயல்நாட்டுச் சிக்கல்களில் தலையிடலாகாது என்ற கொள்கையில் உறுதியாக நின்றவர். உலகப் போர் அவருடைய கருத்தை மாற்றியது. 1945 ஜனவரி 10ஆம் நாள் செனட்டில் அவர் ஆற்றிய உரையில் தம் பழைய நிலையைக் கைவிட்டார். கட்சிச் சண்டை நாட்டின் கடற்கரையோடு நின்றுவிட வேண்டும் என்ற கருத்து அவர் பெயரோடு சேர்த்தே இன்றும் பேசப்படுகிறது. 1946 தேர்தலில் இரு அவைகளும் குடியரசுக் கட்சியின் வசமாயின. குடியரசுத் தலைவரோ ஜனநாயகக் கட்சியின் ட்ரூமன். போரால் சிதைந்த ஐரோப்பாவிற்குப் பெரும்பொருள் உதவும் திட்டத்தை அவர் முன்வைத்தபோது, தம் பெயரால் அது வழங்கினால் எதிர்க்கட்சியினர் மனம் ஒப்பார் என்பதை உணர்ந்து, தம் வெளியுறவு அமைச்சர் மார்ஷலின் பெயரால் அழைக்கச் செய்தார். வெளியுறவுக் குழுவின் தலைவராயிருந்த வாண்டன்பர்க் அதைத் தம் தோளில் சுமந்தார். 1948இல் செனட் 69க்கு 17 என்ற கணக்கில் அதை ஏற்றது. நான்காண்டுகளில் ஏறத்தாழ 1300 கோடி டாலர் ஐரோப்பாவிற்குச் சென்றது. புகழைப் பங்கிட்டுக்கொள்ள ஒருவர் இசைந்தார். பொறுப்பைப் பங்கிட்டுக்கொள்ள மற்றவர் இசைந்தார்.

சொந்தக் கட்சியினரின் தவற்றைக் கண்டிக்கும் துணிவும் அக்காலத்தில் முற்றிலும் அற்றுப்போகவில்லை. எதிர்ப்பட்டவரையெல்லாம் பொதுவுடைமையர் என்று பழி சுமத்திய செனட்டர் ஜோசப் மெக்கார்த்தியை, 1950இலேயே அவருடைய குடியரசுக் கட்சியைச் சேர்ந்த மார்கரெட் சேஸ் ஸ்மித் என்ற பெண்மணி சபையில் எழுந்து, பெயர் குறிப்பிடாமலே கண்டித்தார். 1954 டிசம்பரில் மெக்கார்த்தியைச் சபை 67க்கு 22 என்று கண்டித்தபோது, அவருடைய கட்சி சரிபாதியாகப் பிளந்து நின்றது.

1974இல் வாட்டர்கேட் ஊழலில் குடியரசுத் தலைவர் நிக்சன் மீது குற்றச்சாட்டு வந்தபோதும் அவ்வாறே. பிரதிநிதிகள் சபையின் நீதிக் குழுவில் நிக்சனின் கட்சியினர் 17 பேரில் ஆறு பேர் முதற் குற்றச்சாட்டை ஆதரித்தனர். ஆகஸ்ட் 7ஆம் நாள் அவருடைய கட்சியின் தலைவர்கள் கோல்ட்வாட்டர், ஹியூ ஸ்காட், ஜான் ரோட்ஸ் ஆகிய மூவரும் வெள்ளை மாளிகைக்குச் சென்று, சபையில் அவருக்கு ஆதரவு எஞ்சியிருக்கவில்லை என்பதைத் தெரிவித்தனர். மறுநாள் இரவு அவர் தம் பதவி விலகலை நாட்டிற்கு அறிவித்தார்.

உறுப்பினர்களிடையே அன்றாட நட்பும் இருந்தது. இல்லினாய் மாநிலத்தின் பாப் மைக்கேல் குடியரசுக் கட்சியினர். ரோஸ்டென்கோவ்ஸ்கி ஜனநாயகக் கட்சியினர். இருவரும் ஒரே காரில் மாறி மாறி ஓட்டிக்கொண்டு, பின்புறம் மெத்தை விரித்து முறைவைத்து உறங்கி, வாஷிங்டனுக்கும் தம் ஊருக்கும் பயணம் செய்வதுண்டு. பின்னாளில் ஒருவர் சபையில் தம் கட்சியின் தலைவரானார். மற்றவர் வரிக் குழுவின் தலைவரானார். ஓரிரவெல்லாம் ஒரு வண்டியில் வந்தவர்கள் மறுநாள் சபையில் ஒருவரை ஒருவர் துரோகி என்று அழைப்பது எளிதன்று.

1983இல் முதியோர் ஓய்வூதிய நிதி வற்றிப்போகும் நிலை வந்தது. குடியரசுத் தலைவர் ரேகனும் சபாநாயகர் டிப் ஓநீலும் கொள்கையில் இரு துருவங்கள். ஆயினும் இரு கட்சியினரும் அடங்கிய குழு ஒன்றின் பரிந்துரைகளைக் கொண்டு உடன்பாட்டிற்கு வந்தார்கள். ஓய்வு பெறும் வயதைப் படிப்படியாக 65இலிருந்து 67ஆக உயர்த்துவது ஒரு கட்சிக்குக் கசப்பு. வரியை உயர்த்துவது மற்றதற்குக் கசப்பு. இரு கசப்புகளையும் ஒரே கிண்ணத்தில் கலந்து இருவரும் குடித்தார்கள். பிரதிநிதிகள் சபை 243க்கு 102 என்றும், செனட் 58க்கு 14 என்றும் அதை ஏற்றன.

அந்த ஒத்துழைப்பின் விலை

இந்த இடத்தில் நாம் சற்றே நிற்க வேண்டும். இரு கட்சியினரும் நண்பர்களாக இருந்தார்கள் என்று கேட்டவுடன் மனம் மகிழ்கிறது. ஆனால் அந்த நட்பு யாருடைய செலவில் நடந்தது என்பதை வரலாற்று மாணவன் கேட்டே ஆக வேண்டும்.

கறுப்பின மக்களைக் கும்பல் கூடிக் கொலை செய்யும் கொடுமைக்கு எதிரான மசோதாவைப் பிரதிநிதிகள் சபை 1922 ஜனவரியில் 231க்கு 119 என்ற கணக்கில் நிறைவேற்றியது. செனட்டில் தென்மாநிலத்தார் பேசியே அதைக் கொன்றார்கள். 1937இலும் 1940இலும் கீழவை மீண்டும் நிறைவேற்றி அனுப்பிய மசோதாக்களுக்கும் அதே கதி நேர்ந்தது. அத்தகைய சட்டம் ஒன்றில் குடியரசுத் தலைவர் கையொப்பமிட்டது 2022 மார்ச் 29ஆம் நாள்தான். முதல் மசோதா கீழவையில் வென்ற நாளுக்கும் இதற்கும் இடையே நூறாண்டுகள் கடந்துவிட்டன. அந்த நூற்றாண்டில்தான் நாம் மேலே புகழ்ந்த ஒத்துழைப்பின் காலமும் அடங்கியிருக்கிறது.

காரணம் வெளிப்படை. தென்மாநிலங்களில் உள்நாட்டுப் போருக்குப் பின் ஜனநாயகக் கட்சி ஒன்றே ஆண்டது. கறுப்பினத்தார்க்கு வாக்குரிமை பெயரளவில் இருந்தது, நடைமுறையில் மறுக்கப்பட்டது. போட்டியில்லாத் தொகுதிகளிலிருந்து வந்த வெள்ளையர் உறுப்பினர்கள் பல்லாண்டு பதவியில் நீடித்தார்கள். நீடித்தவர்க்கே குழுத் தலைமை என்பது சபையின் வழக்கம். ஆதலால் முக்கியமான குழுக்கள் பலவும் அவர்கள் கையில் இருந்தன. எந்த மசோதா சபைக்கு வரலாம் என்று முடிவு செய்யும் விதிக் குழுவின் தலைவராயிருந்தவர் வர்ஜீனியாவின் ஹோவர்டு ஸ்மித். 1957இல் குடியுரிமை மசோதா குழுவின் முன் வரவிருந்தபோது, தம் பண்ணையில் களஞ்சியம் தீப்பற்றிவிட்டது என்று கூறி அவர் ஊருக்குப் போய்விட்டார் என்பர். தலைவர் இல்லையேல் கூட்டம் இல்லை. கூட்டம் இல்லையேல் மசோதா இல்லை.

இவ்வாறு தெற்கின் பழமைவாதிகள் ஜனநாயகக் கட்சியிலும், நியூயார்க், நியூ இங்கிலாந்துப் பகுதிகளின் முற்போக்காளர்கள் பலர் குடியரசுக் கட்சியிலும் இருந்தார்கள். ஒவ்வொரு கட்சியும் இரு வேறு கட்சிகளின் கலவையாக இருந்ததனால், எந்த மசோதாவிற்கும் இரு பக்கத்திலிருந்தும் ஆள் கிடைத்தது. ஒத்துழைப்பு என்று நாம் போற்றுவதில் ஒரு பகுதி இந்தக் கலப்பின் விளைவேயன்றி, உறுப்பினர்களின் உயர்குணத்தின் விளைவு மட்டுமன்று. அந்தக் கலப்போ கறுப்பின மக்களின் உரிமையை ஒதுக்கி வைத்ததனால் நிலைத்திருந்தது.

அக்காலத்து அறிஞர்கள் இந்தக் கலப்பை ஒரு குறையாகவே கண்டார்கள் என்பது வியப்பிற்குரியது. 1950இல் அமெரிக்க அரசியல் அறிவியல் கழகத்தின் குழு ஒன்று, இரு கட்சிகளுக்கும் தெளிவான கொள்கை வேறுபாடு வேண்டும், அப்போதுதான் மக்கள் தேர்ந்தெடுக்க முடியும் என்று அறிக்கை தந்தது. அவர்கள் கேட்டது கிடைத்தது. எதிர்பார்த்ததைவிட அதிகமாகவே கிடைத்தது.

பிரிவு எவ்வாறு வந்தது

1964ஆம் ஆண்டின் சட்டம் இரு கட்சியினரும் சேர்ந்து செய்த அறச்செயல். ஆளும் கட்சியின் ஹம்ஃப்ரி சபையில் மசோதாவை நடத்திச் சென்றார். எதிர்க்கட்சித் தலைவர் டர்க்சனின் அறையில் நாட்கணக்கில் அமர்ந்து சொல் சொல்லாகத் திருத்தம் பேசினார்கள். கீழவையில் ஒஹையோ மாநிலத்துக் குடியரசுக் கட்சியினரான வில்லியம் மக்கல்லக், செனட்டில் மசோதாவை நீர்த்துப்போக விடலாகாது என்ற நிபந்தனையோடு தம் கட்சியினரைத் திரட்டினார். அவர் தொகுதியில் கறுப்பின வாக்காளர் மிகச் சிலரே. அதனால் அவருக்கு ஊதியம் எதுவும் இல்லை.

ஆனால் அந்த அறச்செயலே பழைய கலப்பைக் கலைத்தது. சட்டத்தில் கையொப்பமிட்ட குடியரசுத் தலைவர் ஜான்சன், தெற்கை நெடுங்காலத்திற்கு மாற்றாரிடம் ஒப்படைத்துவிட்டோம் என்று அன்றிரவே கூறியதாக அவருடைய உதவியாளர் பிற்காலத்தில் எழுதினார். 1960இல் போர்க்காலத் தெற்குக் கூட்டமைப்பின் பதினொரு மாநிலங்களிலிருந்து வந்த செனட்டர்கள் 22 பேரும் ஜனநாயகக் கட்சியினர். 2015 தொடக்கத்தில் அந்த 22 பேரில் மூவரே அக்கட்சியினர். மறுபுறம், 2009இல் நியூ இங்கிலாந்துப் பகுதியிலிருந்து பிரதிநிதிகள் சபைக்கு ஒரு குடியரசுக் கட்சியினர்கூட வரவில்லை. பழமைவாதிகள் ஒருபுறமும் முற்போக்காளர் மறுபுறமும் திரண்டார்கள். கீழவையில் 2002க்குப் பின் இரு கட்சிகளின் வாக்களிப்பு முறைகள் எங்குமே ஒன்றன்மேல் ஒன்று படியவில்லை என்று ஆய்வாளர் கணக்கிட்டிருக்கின்றனர். நடுவில் நின்றவர்கள் இல்லாமற் போனார்கள்.

இரண்டாவது காரணம், வெற்றியின் நெருக்கம். 1955 முதல் 1995 வரை நாற்பதாண்டுகள் பிரதிநிதிகள் சபை இடைவிடாது ஜனநாயகக் கட்சியின் கையில் இருந்தது. ஆட்சியைப் பிடிக்கும் நம்பிக்கையே இல்லாத சிறுபான்மை, ஒத்துழைத்துச் சிலவற்றைப் பெற்றுக்கொள்வதே அறிவு என்று கருதியது. அடுத்த தேர்தலில் சபை நம் கைக்கு வரலாம் என்ற நிலை தோன்றியபின், மாற்றாரின் ஆட்சியை வெற்றி பெறச் செய்து நாம் ஏன் தோற்க வேண்டும் என்ற எண்ணம் எழுந்தது. போட்டி மிகுந்தால் மக்களாட்சி செழிக்கும் என்பர். இங்கே போட்டி மிகுந்ததே ஒத்துழைப்பைக் குலைத்தது.

மூன்றாவதாக, இந்த வாய்ப்பை உணர்ந்து பயன்படுத்தியவர் ஒருவர் வந்தார். ஜார்ஜியாவிலிருந்து 1978இல் தேர்ந்தெடுக்கப்பட்ட நியூட் கிங்ரிச், ஆசிரியத் தொழிலிலிருந்து வந்தவர், வரலாறு கற்பித்தவர். 1979 மார்ச் முதல் சபை நடவடிக்கைகள் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயின. மாலையில் சபை கலைந்தபின் ஆளில்லா மண்டபத்தில் நின்று, ஆளும் கட்சியினரைத் தாக்கி அவரும் நண்பர்களும் பேசுவார்கள். காமிரா பேசுபவரை மட்டுமே காட்டும். பதில் கூற ஆளில்லாததால் அவர்கள் வாயடைத்துப் போனதாக வீட்டிலிருந்து பார்ப்பவர் எண்ணுவர். 1984 மே மாதத்தில் சபாநாயகர் ஓநீல் காலி இருக்கைகளையும் காட்டும்படி காமிராவைத் திருப்பச் செய்தார். சில நாட்களில் சபையிலேயே கிங்ரிச்சைக் கடிந்து பேசிய ஓநீலின் சொற்கள் விதிக்கு மாறானவை என்று தீர்ப்பாயிற்று. பார்வையாளர் முன் நடந்த அச்சண்டை கிங்ரிச்சை நாடறியச் செய்தது.

மொழி கற்பிப்போராகிய நம்மை மிகவும் உறுத்துவது வேறொரு செய்தி. 1990இல் கிங்ரிச்சின் அமைப்பு தன் வேட்பாளர்களுக்கு ஒரு சொற்பட்டியலை அனுப்பியது. நம்மைப் பற்றிப் பேசும்போது வழங்க வேண்டிய நற்சொற்கள் ஒரு பக்கம். மாற்றாரைப் பற்றிப் பேசும்போது வழங்க வேண்டிய சொற்கள் மறுபக்கம். சீரழிவு, நோய், ஊழல், துரோகிகள் என்பன அந்த இரண்டாம் பட்டியலில் இருந்தன. சொல் வெறும் ஒலியன்று. ஒருவரைத் துரோகி என்று அழைத்தபின் அவரோடு அமர்ந்து வரவு செலவுத் திட்டம் பேசுவது எப்படி? பேசினால், துரோகியோடு பேசுபவன் யார் என்று நம்மவரே கேட்பார்கள் அல்லவா?

1994 தேர்தலில் குடியரசுக் கட்சி 54 இடங்களைக் கூடுதலாகப் பெற்றுச் சபையைக் கைப்பற்றியது, கிங்ரிச் சபாநாயகரானார். புதிய உறுப்பினர்கள் குடும்பத்தை வாஷிங்டனுக்குக் கொண்டு வராமல் தொகுதியிலேயே விட்டுவரும் வழக்கம் பெருகிற்று. செவ்வாய் வந்து வியாழன் திரும்பும் உறுப்பினர்களுக்கு மாற்றுக் கட்சியினரின் வீட்டையோ மக்களையோ அறிய நேரமில்லை. ஒரே காரில் ஊர் சென்ற காலம் அத்தோடு முடிந்தது. 1995 இறுதியில் வரவு செலவுச் சண்டையால் அரசு அலுவலகங்கள் முதலில் ஐந்து நாட்களும், பின்னர் 21 நாட்களும் முடங்கின.

பழியை ஒரு கட்சியின் மீதே போட்டுவிடுவது நேர்மையாகாது. 1985இல் இந்தியானாவின் எட்டாம் தொகுதியில் நான்கே வாக்கு வேறுபாட்டில் தம் கட்சிக்காரரை வென்றவராக ஜனநாயகக் கட்சிப் பெரும்பான்மை அமர்த்திக்கொண்டபோது, மென்மையான குடியரசுக் கட்சியினரும் கொதித்து வெளிநடப்புச் செய்தனர். 1987இல் உச்ச நீதிமன்றத்திற்கு நியமிக்கப்பட்ட ராபர்ட் போர்க்கை 42க்கு 58 என்று செனட் நிராகரித்தது. அதற்கு முன்னாண்டுதான் அதே கருத்துடைய ஸ்காலியாவை 98க்கு 0 என்று அது ஏற்றிருந்தது. 2013 நவம்பரில் நியமனங்களுக்கு 60 வாக்கு வேண்டும் என்ற நடைமுறையை ஜனநாயகக் கட்சியினர் உடைத்தார்கள். 2016இல் ஒபாமா நியமித்த கார்லண்டிற்கு விசாரணையே நடத்தாமல் குடியரசுக் கட்சியினர் மறுத்தார்கள். 2017 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்திற்கும் அந்த நடைமுறையை நீக்கினார்கள். ஒருவர் செய்ததை மற்றவர் காட்டித் தாம் அதனினும் ஒருபடி மேலே போவது பழக்கமாயிற்று.

பேசியே தடுக்கும் முறையும் மாறியது. முன்பு நின்று பேச வேண்டியிருந்தது. பேசுபவர் களைத்தால் தடை விழுந்துவிடும். 1970களில் தடைபட்ட மசோதாவை ஒதுக்கி வைத்து வேறு அலுவலை நடத்தலாம் என்ற ஏற்பாடு வந்தது. சபையின் அலுவல் நிற்காதிருக்கச் செய்த நல்லெண்ண ஏற்பாடு அது, விளைவோ வேறாயிற்று. நிற்கவும் வேண்டாம், பேசவும் வேண்டாம், தடுப்போம் என்று அறிவித்தாலே போதும் என்றானது. 1969-70இல் பேச்சை முடிக்கக் கோரும் தீர்மானங்கள் ஒற்றை இலக்கத்தில் இருந்தன. 2013-14இல் 250ஐத் தாண்டின.

விலகியவர் அடைந்த பயன்

இந்த மாற்றத்தின் ஆழத்தை அறிய மூன்று சட்டங்களை ஒப்பிடலாம். 1935இல் ஓய்வூதியச் சட்டம் கீழவையில் 372க்கு 33 என்று நிறைவேறியது. 1965இல் முதியோர் மருத்துவ உதவிச் சட்டத்தின் இறுதி வடிவத்தைக் கீழவையின் குடியரசுக் கட்சியினரில் 70 பேர் ஆதரித்தனர், 68 பேர் எதிர்த்தனர். 2010இல் ஒபாமாவின் மருத்துவக் காப்பீட்டுச் சட்டம் 219க்கு 212 என்று நிறைவேறியபோது எதிர்க்கட்சியிலிருந்து ஒரு வாக்குக்கூட விழவில்லை. இரு கட்சியினரும் சேர்ந்து செய்த சட்டத்தை ஆட்சி மாறினாலும் எவரும் தொடத் துணிவதில்லை. ஒரு கட்சி மட்டும் செய்த சட்டத்தையோ, நீக்குவோம் என்று மற்றது பல தேர்தல்களில் முழங்கி வந்தது. 2017, 2021, 2022, 2025 ஆகிய ஆண்டுகளின் பெரும் நிதிச் சட்டங்களும் ஒரு கட்சி வாக்குகளாலேயே நிறைவேறின.

ஒத்துழைத்தவர்கள் அடைந்த கதியும் அறியத்தக்கது. இந்தியானாவின் ரிச்சர்ட் லூகர் 36 ஆண்டுகள் செனட்டராக இருந்த குடியரசுக் கட்சியினர். 1991இல் ஜனநாயகக் கட்சியின் சாம் நன்னோடு சேர்ந்து, சிதைந்த சோவியத் நாட்டின் அணு ஆயுதங்களை அழிக்க நிதியளிக்கும் சட்டத்தைக் கொணர்ந்தவர். உலகிற்கே நன்மை செய்த சட்டம் அது. 2012இல் கட்சிக்குள் நடந்த வேட்பாளர் தேர்வில், மாற்றாரோடு இணங்குபவர் என்பதே குற்றமாகக் கூறப்பட்டு அவர் தோற்றார். அவரை வென்றவர், இரு கட்சி ஒத்துழைப்பு என்றால் மாற்றுக் கட்சியினர் நம் கருத்திற்கு வந்துவிடுவதே என்று விளக்கம் தந்தார். பொதுத் தேர்தலில் அந்த இடம் மாற்றுக் கட்சிக்கே போயிற்று.

2023 அக்டோபர் 3ஆம் நாள் நடந்தது இதனினும் பெரியது. அரசு அலுவலகங்கள் முடங்காதிருக்க, எதிர்க்கட்சியினரின் வாக்குகளைக் கொண்டு இடைக்கால நிதி மசோதாவை நிறைவேற்றிய சபாநாயகர் கெவின் மெக்கார்த்தி, மூன்றாம் நாளே 216க்கு 210 என்ற கணக்கில் பதவி நீக்கப்பட்டார். அந்நாட்டு வரலாற்றில் சபாநாயகர் ஒருவர் இவ்வாறு நீக்கப்பட்டது அதுவே முதல் முறை. சொந்தக் கட்சியில் எண்மர் அவரைக் கைவிட்டனர். யாருடைய வாக்குகளால் மசோதாவை நிறைவேற்றினாரோ அந்த எதிர்க்கட்சியினரும் அவரை நீக்கவே வாக்களித்தனர். இனி அந்த நாற்காலியில் அமர்பவர் எவரும் இந்தப் பாடத்தை மறப்பாரா?

இந்தப் பிணக்கின் துன்பத்தைச் சுமப்பவர்கள் உறுப்பினர்கள் அல்லர். 2018 டிசம்பரில் தொடங்கி 35 நாட்கள் அரசு அலுவலகங்கள் பல முடங்கின. 2025 அக்டோபர் 1 முதல் நவம்பர் 12 வரை 43 நாட்கள் முடங்கின. விமான நிலையக் காவலரும் கட்டுப்பாட்டாளரும் சம்பளமின்றி வேலைக்கு வந்தார்கள். உணவு உதவியை நம்பியிருந்த ஏழைக் குடும்பங்கள் அம்மாதம் அரிசிக்கும் ரொட்டிக்கும் திண்டாடின. கட்சித் தலைவர்கள் யார் வென்றார் என்று கணக்கிட்டுக்கொண்டிருந்தார்கள்.

எஞ்சியிருப்பது

ஒத்துழைப்பு முற்றிலும் இறந்துவிட்டது என்றும் கூற இயலாது. 2021 ஆகஸ்டில் சாலை, பாலம், குடிநீர்க் குழாய் ஆகியவற்றுக்கான பெருஞ்சட்டத்தைச் செனட் 69க்கு 30 என்று ஏற்றது. 2022இல் குடியரசுத் தலைவர் தேர்தல் வாக்குகளை எண்ணும் பழைய சட்டம் இரு கட்சியினராலும் திருத்தப்பட்டது. குழுக்களில் பேரோசையின்றி நடக்கும் வேலை இன்னும் உண்டு, அது செய்தியாவதில்லை. ஆனால் 2013இல் குடியேறிகள் பற்றிய மசோதாவைச் செனட் 68க்கு 32 என்று நிறைவேற்றியும், கீழவை அதை எடுத்துக்கொள்ளவே இல்லை என்பதையும் நாம் மறக்கலாகாது. பல நல்ல முயற்சிகள் வாக்கெடுப்பில் தோற்பதில்லை, வாக்கெடுப்பிற்கே வருவதில்லை.

இதுவரை கண்டவற்றால் நாம் இரண்டு முடிவுகளுக்கு வருகிறோம். ஒன்று, இணக்கம் என்பது தன்னளவிலேயே அறமாகிவிடாது. வலியவர் இருவர் கைகோத்துக்கொண்டு எளியவன் ஒருவனை வெளியே நிறுத்தினால் அதன் பெயர் ஒத்துழைப்பன்று. அமெரிக்கச் சபையின் பழைய நட்பில் இந்தக் குறை இருந்தது. அதை மறைத்துவிட்டுப் பழங்காலத்தைப் போற்றுவது வரலாற்றிற்கு இழைக்கும் அநீதியாகும்.

மற்றொன்று, பகைமையும் நீதியைத் தந்துவிடவில்லை. எளியவனை வெளியே நிறுத்திய அந்தக் கதவை உடைத்ததும் இரு கட்சியினரும் சேர்ந்து அளித்த 71 வாக்குகளே. தம் கட்சியின் ஒரு பகுதிக்கு மாறாக நின்ற ஹம்ஃப்ரியும், மாற்றுக் கட்சியின் வெற்றிக்குத் துணைநின்ற டர்க்சனும், தமக்கு ஊதியமில்லாத மக்களுக்காக உழைத்த மக்கல்லக்கும் சேர்ந்தே அதைச் செய்தார்கள். கட்சிகள் தனித்தனியே தூய்மையாகிவிட்ட இன்றைய சபையில் அப்படிப்பட்ட மசோதா ஒன்று வந்தால் 60 வாக்குகள் எங்கிருந்து வரும் என்பதே இன்று அந்நாட்டு அறிஞர் பலரைக் கவலையில் ஆழ்த்தும் கேள்வி.

நட்பை மட்டும் மீட்டால் போதாது. அந்த நட்பின் வட்டத்திற்குள் எவரும் விடுபடாதிருக்க வேண்டும். மாற்றாரின் வாக்கை நாடிச் செல்பவரைத் துரோகி என்று தண்டிக்காத வாக்காளர்களும் வேண்டும். முதலாவதை உறுப்பினர்கள் செய்யலாம். இரண்டாவதை அந்நாட்டு மக்கள்தாம் செய்ய வேண்டும். லூகரைத் தோற்கடித்தவர்கள் கட்சித் தலைவர்கள் அல்லர். கட்சிக்குள் நடந்த தேர்வில் வாக்களிக்க வந்த மக்களே. பேச இயலாத நோயாளி ஒருவர் கண்ணைச் சுட்டி வாக்களித்த அந்த நாளை அவர்கள் நினைவில் வைத்திருக்கும் வரை, மீண்டும் அத்தகைய நாள் வரக்கூடும் என்று நம்ப இடமுண்டு.